தோற்றவன் குயவன் அல்ல

செக்கோஸ்லோவாக்கியாவின் பொம்மைப்படக் கலைஞர் யிரி டிரன்கா 1965இல் எடுத்த 18 நிமிடப் படம் ‘கை’. வசனமே கிடையாது. தன் பூச்செடிக்குத் தொட்டி வனைந்துகொண்டு ஒற்றை அறையில் வாழும் குயவப் பொம்மையிடம் ஒரு ராட்சதக் கை வந்து, தனக்குச் சிலை செய்யச் சொல்கிறது. அவன் மறுக்கிறான். ஸ்டாலினியத்தைச் சாடும் உருவகக் கதை, தனிமனிதன் தோற்றே தீருவான் என்று சொல்லும் படம்: இதுதான் பொதுவான கருத்து. எனக்கு இதில் உடன்பாடில்லை.

ஸ்டாலினை நினைக்கக் காரணம் உண்டு. பிராகின் லெட்னா குன்றில் 1955இல் அவருக்குப் பிரம்மாண்டமான கற்சிலை திறந்தார்கள். அதை வடிவமைத்த சிற்பி ஒட்டகார் ஷ்வெட்ஸ் திறப்பு விழாவுக்கு முன்பே தற்கொலை செய்துகொண்டார். 1962இல் அந்தச் சிலையை வெடிவைத்துத் தகர்த்தார்கள். செக் மக்கள் இதையெல்லாம் மறந்திருக்க மாட்டார்கள். ஆனால் படத்தில் கை கொண்டுவரும் தொலைக்காட்சியைக் கவனியுங்கள். கைகளின் பெருமை பேசும் அந்தக் காட்சிகளில் நெப்போலியனின் கை வருகிறது. சுதந்திர தேவியின் தீப்பந்தக் கையும் வருகிறது. குறி மாஸ்கோ மட்டும் என்றால் நியூயார்க் சிலைக்கு அங்கே என்ன வேலை?

1968இல் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் சோவியத் டாங்கிகள் வருவதை முன்கூட்டியே சொன்ன படம் என்பதும் பொருந்தாது. அதுவரை பட்டதே டிரன்காவுக்குப் போதுமானதாக இருந்தது.

‘அரசு ஸ்டூடியோவில், அரசுப் பணத்தில்தானே எடுத்தார்? பிறகென்ன அடக்குமுறை?’ என்று கேட்பவர்களும் உண்டு. படத்தின் உயிரே இங்குதான் இருக்கிறது. கை எடுத்த எடுப்பில் அடிப்பதில்லை. பரிசு தருகிறது, பணம் காட்டுகிறது, மெல்லிய சரிகை உறை அணிந்து மயக்கிப் பார்க்கிறது. கயிறும் கூண்டும் அதற்குப் பிறகுதான். அரசின் ஆதரவில் இருபது ஆண்டுகள் படம் எடுத்தவருக்கு அந்த ஆதரவு எதைத் திருப்பிக் கேட்கும் என்பது தெரியும்.

தோல்வி என்கிறார்களே, அதைத்தான் என்னால் ஏற்கவே முடியவில்லை. குயவனைக் கயிறு கட்டி ஆட்டுவித்தபோதுதான் கை கேட்ட சிலை உருவானது. அவன் மனமுவந்து ஒரு விரலைக்கூடச் செதுக்கவில்லை. மெழுகுவர்த்திச் சுடரில் கயிற்றை எரித்துத் தப்பி வீடு சேர்கிறான். தன் பூந்தொட்டியே தலையில் விழுந்து சாகிறான் என்பது உண்மை. கை அவனுக்கு மரியாதையோடு இறுதிச் சடங்கு நடத்துகிறது. அவன் சம்மதம் மட்டும் கடைசிவரை அதற்குக் கிடைக்கவில்லை. டிரன்கா 1969 டிசம்பரில் மறைந்த பிறகு அரசு இந்தப் படத்தைத் தடைசெய்து, பிரதிகளைக் கைப்பற்றி, சுமார் இருபது ஆண்டுகள் பூட்டிவைத்தது. அடங்கிப்போ என்று மக்களுக்குச் சொல்லும் படமாக இருந்தால் ஊர் ஊராகத் திரையிட்டிருப்பார்கள்.