நூறு பிள்ளைகள் வளர்ந்த வீடு

ரெண்டு குழந்தைகளைக் குளிப்பாட்டி, சாதம் ஊட்டி, பள்ளிக்கூடம் அனுப்புவதற்குள் நமக்கு இடுப்பு ஒடிந்து போகிறது. 100 பிள்ளைகளை வைத்துக்கொண்டு ஏறக்குறைய 30 வருஷம் குடித்தனம் நடத்திய ஒரு பெண்மணியைத் தெரியுமா, சகோதரிகளே?

போலந்து நாட்டின் ஸ்டெஃபா வில்ச்சின்ஸ்காதான் அவர். 1912-இல் வார்சா நகரில், தாய் தகப்பன் இல்லாத யூதக் குழந்தைகளுக்காக, டாக்டர் யானுஷ் கோர்ச்சாக்கோடு சேர்ந்து ஓர் இல்லம் தொடங்கினார். டாக்டர் புத்தகம் எழுதினார், ரேடியோவில் பேசினார். உலகம் அவரை அறியும். சமையல், துணிமணி, ஜுரம், ராத்திரி அழுகை எல்லாம் ஸ்டெஃபா பாடு! முதல் உலகப் போரில் டாக்டர் ராணுவ சேவைக்குப் போய்விட, தட்டுப்பாட்டு நாட்களில் வீட்டைத் தாங்கியவர் இவர்தான்.

அந்த வீட்டில் வேலை என்பது தண்டனை இல்லை. பெருக்குவதோ, உருளைக்கிழங்கு உரிப்பதோ, ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு பங்கு. விளக்குமாற்றைக்கூட மூலையில் ஒளிக்காமல் எல்லார் கண்ணிலும் படும்படி வைத்தார்கள். புதிதாக வரும் குழந்தைக்கு, பெரிய பிள்ளை ஒன்று துணை. சண்டை வந்தால் பிள்ளைகளே நீதிபதிகள். அவர்களுடைய சட்டத்தில் பெரும்பாலான விதிகள் மன்னிப்பதற்கே! டாக்டர் மேலேயே வழக்குப் போட்டிருக்கிறார்கள் என்றால் பாருங்களேன்.

பாலஸ்தீனத்தில் பத்திரமாக இருந்த ஸ்டெஃபா, 1939-இல், இரண்டாம் உலகப் போர் மூள்வதற்குச் சில மாதம் முன்பு, பிள்ளைகளிடமே திரும்பி வந்தார். 1940-இல் நாஜிகள் யூதர்களைச் சுவர் எழுப்பி அடைத்தார்கள். இல்லமும் உள்ளே போயிற்று. பசி, நோய். அப்போதும் பாடம் நின்றுபோகவில்லை. வாராவாரம் பிள்ளைகளுக்கு எடை பார்ப்பதும் நிற்கவில்லை.

1942 ஆகஸ்டில் சுமார் 200 குழந்தைகளை ட்ரெப்ளிங்கா கொலை முகாமுக்குக் கொண்டுபோனார்கள். தப்பிக்கக் கிடைத்த வழியை டாக்டர் மறுத்துவிட்டார். ஸ்டெஃபாவும் பிள்ளைகளோடு நடந்தார். இருவரும் திரும்பவில்லை, அந்தக் குழந்தைகளும்தான்.

முன்பே வளர்ந்து வெளியே போயிருந்தவர்களில் சிலர் பிழைத்தார்கள். அந்த வீட்டுக் கதையை அவர்கள் சொல்லித்தான் பல விஷயங்கள் நமக்குத் தெரிகின்றன.

இன்று சாயங்காலம் உங்கள் வாண்டிடம் ஒரு சின்ன வேலையை நம்பிக் கொடுங்கள். அண்ணன் தம்பி சண்டை வந்தால், கை ஓங்குமுன் ரெண்டு பக்க நியாயத்தையும் உட்கார்ந்து கேளுங்கள். அதற்குக் காசா, பணமா?