ரோலாவில் திரும்பும் காசோலைகளுக்கு இந்திய நீதிமன்றங்களில் நிறைவேற்று வழி கோரும் மனு

பெறுநர்: இந்திய அரசின் சட்டம், அயலக வணிகம் ஆகியவற்றைக் கவனிக்கும் உயர் அதிகாரிகள்.

பார்வை: இதே பொருளில் நாங்கள் முன்னர் அனுப்பிய கடிதங்கள்.



ஷார்ஜா ரோலாவில் துணி, கைபேசி உதிரிப்பொருள், பலசரக்கு மொத்த வியாபாரம் செய்யும் தமிழ்ச் சிறு வணிகர்களின் சங்கம் எங்களுடையது.

முன்கடிதங்களுக்கு ஒப்புகை தவிர வேறு பதில் வராததால், அவற்றில் சொன்னதையே மீண்டும் எழுதுகிறோம். இங்கே சரக்கு கைமாறுவது பின்தேதியிட்ட காசோலையை நம்பித்தான். முப்பது, அறுபது, தொண்ணூறு நாள் தவணைக்கு மூன்று காசோலை கொடுத்துவிட்டுச் சரக்கை வண்டியில் ஏற்றிக்கொள்வார்கள். முதல் காசோலை பாஸாகும். அடுத்தது, கணக்கில் போதிய பணமில்லை என்ற வங்கிச் சீட்டோடு திரும்பும். தேடிப் போனால் கடை ஷட்டரில் வாடகைப் பாக்கி நோட்டீஸ் ஒட்டியிருக்கும். ஆள் ஊருக்குப் போயிருப்பார்.

ஐக்கிய அரபு அமீரகச் சட்டம் எங்களுக்குத் துணை நிற்கிறது. பணம் போதாமல் திரும்பிய காசோலை 2022 ஜனவரி முதல் நிறைவேற்று ஆவணமாகிவிட்டது. தனி வழக்கின்றி நேரே நிறைவேற்று நீதிபதியிடம் போகலாம். 2022-ஆம் ஆண்டின் 50-ஆம் எண் வணிகப் பரிவர்த்தனைச் சட்டமும் இதைத் தொடர்கிறது. ஆனால் கடனாளியின் வீடும் நிலமும் இந்தியாவில் இருக்கும்போது இங்கே எதைப் பறிமுதல் செய்வது?

இதற்கு வழி பிறந்ததென்றுதான் 2020 ஜனவரி 17 அறிவிக்கையை வரவேற்றோம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 44ஏ பிரிவின்படி அமீரகத்துத் தீர்ப்புகளை இந்தியா ஏற்கும் என்றது அது. ஷார்ஜா நீதிமன்றங்களும் அதில் அடக்கம். சான்றிட்ட டிக்ரி நகலைத் தாக்கல் செய்தால், மாவட்ட நீதிமன்றம் அதைத் தன் டிக்ரிபோலவே நிறைவேற்றலாம்.

முட்டுக்கட்டை எங்கே என்றால், அந்தப் பிரிவு டிக்ரி அல்லது தீர்ப்பு கேட்கிறது. எங்களிடம் இருப்பதோ காசோலையின் பேரில் வந்த நிறைவேற்று உத்தரவு. வழக்கின் சாராம்சத்தை ஆராயாமல் வந்த அயல்நாட்டுத் தீர்ப்பு அறுதியானதாகாது என்கிறது அதே சட்டத்தின் 13-ஆம் பிரிவு. எதிர்த்தரப்பு வக்கீல் எடுக்கும் முதல் ஆட்சேபமே இதுதான். அதைத் தவிர்க்க, நாட்டில் இல்லாத ஒருவர்மேல் இங்கே முழு வழக்குப் போட வேண்டும்: மொழிபெயர்ப்பு, கட்டணம், நோட்டீஸ், காத்திருப்பு. சிறு கடைக்காரருக்கு அந்தத் தெம்பு இல்லை.

காலமும் காத்திராது. லண்டனில் 1995-இல் பெற்ற டிக்ரியை 2009-இல் பெங்களூருக்குக் கொண்டுவந்த பாங்க் ஆஃப் பரோடாவே, டிக்ரி பிறந்த நாட்டின் காலவரம்பு முடிந்ததென்று 2020 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது. வங்கிக்கே இக்கதி என்றால் எங்கள் நிலை என்ன?

காசோலையை வங்கியின் மேல் எழுதப்பட்ட மாற்றுச்சீட்டு என்றே இந்தியாவின் 1881-ஆம் ஆண்டு மாற்றுமுறை ஆவணங்கள் சட்டம் 6-ஆம் பிரிவில் வரையறுக்கிறது. ஆகவே அது எங்கள் ஊர்ச் சட்டத்துக்குப் புதிய ஆவணமல்ல. அமீரக நீதிமன்றம் காசோலையின் பேரில் பிறப்பிக்கும் நிறைவேற்று உத்தரவும் 44ஏ பிரிவில் அடங்குமென விளக்க அறிவிக்கை வெளியிட வேண்டும். சட்டத்திருத்தம் தேவையெனில் அதைத் தொடங்க வேண்டும். இதுவே எங்கள் தலையாய கோரிக்கை.

மேலும்:

அ. நிறைவேற்று மனுவுக்கான ஆவணப் பட்டியலைத் தமிழில் வெளியிடுதல்.

ஆ. ரோலாவில் மாதம் ஒருமுறை சட்ட உதவி முகாம் நடத்துதல்.

இ. இம்மனுவுக்கு எழுத்துமூலம் பதில் அளித்தல்.

இப்படிக்கு,
செயலாளர்,
சிறு வணிகர் சங்கம், ரோலா, ஷார்ஜா.