நாலு வருஷத்தில் ஒரு தங்கராஜா?

பீட்டர் தங்கராஜ் யார் என்று பட்டுக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் கேட்டுப் பாருங்கள். பத்துப் பேரில் ஒருத்தர் சொன்னால் அதிசயம். சென்னையில் கேட்டாலும் இதே கதைதான். கிரிக்கெட்டில் பன்னிரண்டாவது ஆளாகத் தண்ணீர் பாட்டில் தூக்கிய பையனின் ஜாதகம் வரை நமக்கு அத்துப்படி. ஆனால், ஆசியாவின் சிறந்த கோல்கீப்பர் என்று பெயரெடுத்த ஒரு தமிழரைத் தெரியாது. 2024-ல் 'மைதான்' என்று ஓர் இந்திப் படம் வந்துதான் அவரை நமக்கு ஞாபகப்படுத்த வேண்டியிருந்தது!

சரி, யார் இவர்?

1935-ல் ஹைதராபாத்தில் பிறந்தவர். செகந்திராபாத் உள்ளூர் கிளப்புகளில் பந்து உதைத்துப் பழகியவர். ஆறடிக்கு மேல் உயரம். 1953-ல் ராணுவத்தில் சேர்ந்து, குன்னூருக்குப் பக்கத்தில் வெலிங்டனில் இருக்கும் மெட்ராஸ் ரெஜிமென்ட் மையத்துக்கு வந்தார். வேடிக்கை என்ன தெரியுமா? வரும்போது அவர் கோல்கீப்பரே இல்லை. சென்டர் ஃபார்வர்டு! கோல் போட வந்தவரை கோல் தடுக்க நிறுத்தியது அந்த ராணுவ மைதானம்தான்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் சரித்திரம். 1955-ல் டுராண்ட் கோப்பை மெட்ராஸ் ரெஜிமென்டுக்கு வந்தது. 1956-ல் மெல்போர்ன் ஒலிம்பிக் அணியில் இடம். 1958-ல் மறுபடி டுராண்ட் கோப்பை. 1960-ல் ரோம் ஒலிம்பிக். அந்த ரோம் அணியில் நம்ம தஞ்சாவூர்க்காரர் சைமன் சுந்தரராஜும் இருந்தார் என்பது இந்தப் பக்கத்து ஆட்களுக்கே தெரியாது. 1962 செப்டம்பரில் ஜகார்த்தா. மைதானம் முழுக்க இந்தியாவுக்கு எதிராகக் கூச்சல். தென் கொரியாவை 2-1 என்று ஜெயித்து ஆசிய விளையாட்டில் தங்கம். கோல் கம்பங்களுக்கு நடுவில் நின்றவர் தங்கராஜ். அதற்கப்புறம் இன்றுவரை நம் கால்பந்து அணிக்கு அந்தத் தங்கம் கிடைக்கவில்லை. 1967-ல் அர்ஜுனா விருது. 2008-ல் பொகாரோவில் காலமானார்.

இதே மாதிரி இங்கிலாந்தில் ஒருவர். பெயர் வால்டர் டல். பார்படாஸிலிருந்து வந்த தச்சரின் மகன். அநாதை ஆசிரமத்தில் வளர்ந்தவர். 1909-ல் டாட்டன்ஹாம் கிளப்பில் வாரத்துக்கு 4 பவுண்டு சம்பளம். கறுப்பர் என்பதால் பார்வையாளர்களின் வசவையும் வாங்கிக்கொண்டுதான் ஆடினார். முதல் உலகப் போர் வந்ததும் 1914 டிசம்பரில் கால்பந்தாட்டக்காரர்களுக்கென்றே அமைந்த படைப்பிரிவில் சேர்ந்தார். ஐரோப்பிய வம்சம் இல்லாதவருக்கு அதிகாரி பதவி கிடையாது என்று ராணுவ விதிப் புத்தகம் சொல்லியும், 1917-ல் அதிகாரி ஆனார். 1918 மார்ச் 25-ல் பிரான்ஸ் போர்முனையில் செத்துப்போனார். உடல்கூடக் கிடைக்கவில்லை. பல வருஷம் மறந்துபோனார்கள். ஆனால், 1999-ல் அவர் கடைசியாக ஆடிய நார்தாம்ப்டனில் நினைவுச் சின்னம் வைத்தார்கள். நாம்?

சிலை வைக்கவில்லை என்பதல்ல என் புகார். சிலைக்கு நம்மிடம் பஞ்சமில்லை. நான் சொல்ல வருவது வேறு.

டல்லுக்குப் பந்து சோறு போட்டது. அந்த வேலையை விட்டுவிட்டு அவர் போருக்குப் போனார். இங்கே கதை தலைகீழ். பந்து சோறு போடாது. யூனிஃபார்ம் சோறு போட்டதால் இங்கே பந்து ஆட முடிந்தது. ராணுவம், ரயில்வே, போலீஸ்... நம் கால்பந்தின் பாதி வரலாறு இந்தச் சம்பளப் பட்டியல்களில்தான் இருக்கிறது. இப்போதுதான் கிளப்புகள் வந்துவிட்டனவே என்பீர்கள். 2014-ல் தடபுடலாகத் தொடங்கிய ஐ.எஸ்.எல்., 2025-ல் ஒப்பந்தத் தகராறில் குறித்த நேரத்தில் தொடங்க முடியாமல் நின்றபோது, சில கிளப்புகள் ஆட்டக்காரர்களின் சம்பளத்தையே நிறுத்திவைத்தன.

அப்படியானால் ஏழைப் பையனுக்கு மிச்சம் இருப்பது அந்தப் பழைய யூனிஃபார்ம்தான். அதற்கு என்ன செய்தோம்? 2022 ஜூனில் 'அக்னிபத்' என்று அறிவித்தோம். சிப்பாய் வேலை நாலு வருஷம். அதற்குப் பிறகு 25 சதவீதம் பேர் வரைதான் உள்ளே. மற்றவர்களுக்குச் சுமார் 11.71 லட்சம் கையில். அதிலும் பாதி அவர்கள் சம்பளத்தில் பிடித்தது. பென்ஷன் கிடையாது.

நான் பி.காம். படித்தவன். புத்தி கணக்கில்தான் போய் நிற்கும். 1953-ல் சேர்ந்தவருக்கு நாலு வருஷம் என்றால் 1957-ல் முடிந்தது. இரண்டாவது டுராண்ட் கோப்பை, ஆசியாவின் சிறந்த கோல்கீப்பர் என்ற பெயர், ரோம், ஜகார்த்தா தங்கம், அர்ஜுனா... எல்லாமே 1957-க்கு அப்புறம்!

'அட, தங்கராஜ் மாதிரி ஆளை விட்டுவிடுவார்களா? அந்த 25 சதவீதத்தில் கண்டிப்பாக இருந்திருப்பாரே!' என்று யாராவது கேட்கலாம். நியாயமான கேள்வி. பதக்கத்தோடு வருகிறவர்களுக்கு நேரடியாக ஹவில்தார், நாயப் சுபேதார் பதவி தரும் வழியும் ராணுவத்தில் இருக்கிறது. மறுக்கவில்லை. ஆனால், தங்கராஜ் வரும்போது கையில் பதக்கம் இல்லை. எந்த இடத்தில் ஆடப் பிறந்தவர் என்பது அவருக்கே தெரியாது. இடம் மாறி, தடுமாறி, கற்றுக்கொள்ள ஒருத்தருக்கு நிதானமான காலம் வேண்டும். நாலாம் வருஷம் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்களோ என்ற பயத்தில் இருக்கிற பையன் சென்டர் ஃபார்வர்டிலிருந்து கோல்கீப்பராக மாறிப் பார்ப்பானா? அந்த ரிஸ்க்கை எடுக்க எந்தப் பயிற்சியாளர் துணிவார்?

டெல்டாக்காரனுக்கு இது விளங்கும். குறுவை மூணரை மாசத்தில் அறுப்புக்கு வரும். சம்பா அஞ்சு மாசம் கேட்கும். சம்பாவை நட்டுவிட்டுக் குறுவை நாளில் அரிவாளோடு போய் நின்றால் பதர்தான் மிஞ்சும்.

அதிராம்பட்டினத்தில் கால்பந்துப் போட்டி நடக்கும்போது போய்ப் பாருங்கள். கோட்டுக்கு வெளியே எத்தனை ஜனம்! விடியக் காலையில் ராணுவத் தேர்வுக்காக ரோட்டோரம் ஓடுகிற பையன்களையும் பாருங்கள். பல ஊர்களில் இரண்டும் ஒரே பையன்தான். சாயங்காலம் பந்து, காலையில் ஓட்டம். கஜா புயல் 2018-ல் தென்னையைச் சாய்த்துப்போட்ட பூமி இது. மாசச் சம்பளம் என்பது இங்கே கனவு இல்லை, தேவை.

ஆகவே, கேட்கிறேன். யூனிஃபார்ம் போட்டு ஆட வருகிற பையனை நாலு வருஷக் கெடுவிலிருந்து விலக்கி வையுங்கள். அவன் ஆடுகிற காலம் முழுக்கச் சம்பளம் கொடுங்கள். ஒலிம்பிக்குக்கு ஒலிம்பிக் டி.வி. முன்னால் உட்கார்ந்து '140 கோடிப் பேரில் பதினொரு பேர் கிடைக்கலையா?' என்று அலுத்துக்கொள்கிறோமே...

கிடைப்பான் சார். அவனை நாலாம் வருஷம் வீட்டுக்கு அனுப்பாமல் இருந்தால்!