நடுநிலை என்றால் வாய் மூடியிருப்பதா?



"எனக்கெதுக்கு வம்பு, நான் நடுநிலை" என்று நம்மில் பலர் சொல்லுவோம். மார்கரட் சேஸ் ஸ்மித்தின் வாழ்க்கையை வாசித்த பிறகு அப்படிச் சொல்ல எனக்கு வெட்கமாக இருக்கிறது.

அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்தில் 1897இல் ஒரு முடிதிருத்துநரின் மகளாகப் பிறந்தவர். பல்கலைக்கழகம் போனதில்லை. கொஞ்சக் காலம் கிராமப் பாடசாலையில் படிப்பித்தார். 1940இல் பிரதிநிதிகள் சபைக்கும் 1949இல் செனட் சபைக்கும் போனார்.

1950இல் அவருடைய குடியரசுக் கட்சியைச் சேர்ந்த ஜோசப் மெக்கார்த்தி, அரசாங்கத்துக்குள் இருக்கும் கம்யூனிஸ்டுகளின் பட்டியல் தன் கையில் இருப்பதாகச் சொன்னார். ஸ்மித் ஆதாரம் கேட்டார். ஒழுங்கான ஆதாரம் வரவில்லை. பெரிய தலைகளெல்லாம் பயந்து பேசாமல் இருந்தபோது, ஜூன் 1 அன்று அவர் எழுந்து சொந்தக் கட்சியின் அவதூறு அரசியலைக் கண்டித்தார். அதே உரையில் ட்ரூமன் அரசாங்கத்தையும் விட்டுவைக்கவில்லை. கூடக் கையெழுத்திட்டவர்கள் ஆறு பேர்தான்.

மெக்கார்த்தி அவரை விசாரணை உபகுழுவிலிருந்து தூக்கினார். 1954இல்தான் செனட் 67க்கு 22 வாக்குகளால் மெக்கார்த்தியைக் கண்டித்தது. ஸ்மித் 1973 வரை செனட்டில் இருந்தார்.

இடையில் நாலு வருஷம். அதற்குள் வேலையும் மானமும் போனவர்கள் எத்தனை பேர்! மற்றவர்களும் அன்றே எழும்பியிருந்தால்?

எதிராளியிடம் ஆதாரம் கேட்பது லேசு. நம்மட ஆளிடம் கேட்பதுதான் கஷ்டம். அடுத்த முறை வட்ஸ்அப்பில் ஒருவர்மீது பழி வந்தால், மற்றவர்களுக்கு அனுப்ப முதல் அந்தக் கேள்வியைக் கேட்போமா?