ஊரின் நிலையும் உயர்வும்

ஊர்கள் பல சேர்ந்ததே நாடு. ஊர்தோறும் குடிநீரும், சாலையும், விளக்கும், சந்தையும் செவ்வனே அமைந்தால் தொழில் பெருகும். தொழில் பெருகினால் மக்கள் வாழ்வு உயரும். இவற்றை அமைக்கும் பொறுப்பு உள்ளாட்சி மன்றங்களைச் சார்ந்தது. பொறுப்பை நிறைவேற்றப் பொருள் வேண்டும். அப்பொருள் எவ்வழியில், எவ்வளவு கிடைக்கும் என்பது, பெரும்பாலும் அம்மன்றம் எவ்வகையினது என்பதைப் பொறுத்தே அமைகின்றது.

தமிழ்நாட்டில் சிற்றூர்களுக்கு ஊராட்சியும், நகரங்களுக்குப் பேரூராட்சி, நகராட்சி, மாநகராட்சி என்பனவும் உள்ளன. 1993-ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 74-ஆவது திருத்தம், நகர்ப்பகுதிகளை வகுக்கும்போது கருதத்தக்கவற்றைக் கூறுகின்றது. மக்கள்தொகை, மக்கள் நெருக்கம், உள்ளாட்சியின் வருவாய், வேளாண்மையல்லாத தொழில்களில் ஈடுபட்டோரின் விழுக்காடு, பொருளாதாரச் சிறப்பு ஆகியன அவை. நகராட்சிகளையும் ஆண்டு வருவாய்க்கு ஏற்ப இரண்டாம் நிலை, முதல் நிலை, தேர்வு நிலை, சிறப்பு நிலை எனப் பிரிக்கும் வழக்கம் நெடுங்காலமாக இருந்துவந்துள்ளது.

வகுத்தல் தவறன்று. யானைக்கும் ஆட்டுக்கும் ஒரே அளவாக இரை இடுவார் இல்லை. ஆயினும், வருவாயே நிலையை உறுதிசெய்யுமானால் ஒரு தீங்கு விளையும். வருவாய் மிக்க ஊர் உயர்ந்த நிலை பெறுகின்றது. அதனால் தக்க பொறியாளரையும் அலுவலரையும் பெறுகின்றது. அவர்தம் உழைப்பால் வருவாய் மேலும் பெருகுகின்றது. வருவாய் குன்றிய ஊரோ வசதியின்மையால் தொழிலை இழக்கின்றது. தொழிலின்மையால் வரியையும் இழக்கின்றது.

கடன் பெறுவதிலும் இவ்வேற்றுமை காணப்படும். 1998-ஆம் ஆண்டில் அகமதாபாத் மாநகராட்சி, மாநில அரசின் பொறுப்புறுதி இன்றியே கடன் பத்திரங்கள் வெளியிட்டு 100 கோடி ரூபாய் திரட்டியது. சிறு நகரம் ஒன்று தனித்து நின்று இவ்வாறு செய்தல் அரிது. ஆனால், 2002-2003-ஆம் நிதியாண்டில் தமிழ்நாட்டின் சிறு நகரங்கள் பத்துக்கு மேற்பட்டவை ஒன்றுசேர்ந்தன. கூட்டு நிதியம் ஒன்றின் வாயிலாகக் குடிநீர், கழிவுநீர்த் திட்டங்களுக்கென ஏறத்தாழ 30 கோடி ரூபாய் திரட்டின. தனி மரம் தோப்பாகாது என்னும் பழமொழி நிதித்துறைக்கும் பொருந்துவதே.

பெயர் உயர்வதால் மட்டும் ஊர் உயர்ந்துவிடாது. சிற்றூர் ஒன்று நகரோடு இணைக்கப்பட்டால் நல்ல சாலையும் வடிகாலும் வரக்கூடும், வரியும் உயரக்கூடும். ஆனால், ஊரகத்துக்கே உரிய உதவிகளை அவ்வூர் இழக்கும். 2005-ஆம் ஆண்டின் வேலை உறுதிச் சட்டம் ஆண்டுக்கு 100 நாள் வேலையை ஊரகக் குடும்பங்களுக்கே உறுதி செய்தது. எனவே, ஊரின் வகை மாறியபோது கூலியாளர் கவலையுற்றதில் வியப்பில்லை. அவர்தம் கருத்தையும் கேட்டபின் வகையை மாற்றுதலே முறை.

நீர் பள்ளத்தை நாடும்; மேட்டு வயலுக்கு அதனைக் கொண்டு செல்ல ஏற்றம் வேண்டும். அதுபோல, எளிய ஊருக்குப் பொருள் சேர்க்க அரசின் முயற்சி வேண்டும். ஐந்தாண்டுக்கு ஒருமுறை அமைக்கப்பெறும் மாநில நிதி ஆணையம் இதற்கு ஏற்ற கருவியாகும். ஊரின் வருவாயை மட்டுமன்றி, அதன் தேவையையும் அளந்து நிதியைப் பகிர்தல் வேண்டும். ஊர்களை வகுப்பது பொறுப்பை அளந்து தருதற்கே. உயர்வு தாழ்வு கற்பிப்பதற்கு அன்று. இதனை உணர்ந்து, தம் ஊரின் வரவு செலவை அறிந்து கேட்கும் குடிமக்கள் பெருகினால், கடைநிலை ஊரும் தலைநிமிரும்.