சுற்றுலாவில் அரை நாள் அடுக்களைக்கு



ஆண்டுதோறும் நம் பள்ளியிலிருந்து கல்விச் சுற்றுலா செல்கிறோம். திரும்பி வந்த மறு வாரமே "நான் கண்ட சுற்றுலா" என்று கட்டுரை எழுதுகிறோம். அந்தக் கட்டுரைகளை எடுத்து அடுக்கிப் பாருங்கள். மலையைக் கண்டோம், அணையைக் கண்டோம், அருங்காட்சியகத்தைக் கண்டோம், குரங்கைக் கண்டோம் என்று எல்லாமே கண்ணுக்கு நேர்ந்த வேலையாகவே இருக்கும். (குரங்கு வராத சுற்றுலாக் கட்டுரை ஒன்றை நாங்கள் இதுவரை படித்ததில்லை.) கைகளுக்கு அங்கே என்ன வேலை? புளிசாதப் பொட்டலத்தைப் பிரிப்பதும், போகிற வருகிற வண்டிகளுக்குக் கையசைப்பதும்தான். ஓர் ஊருக்குப் போனால் அவ்வூரார் கையால் செய்கின்ற ஒன்றையேனும் நம் கையாலும் செய்து பழகி வரவேண்டும் என்பது பத்தாம் வகுப்பு மாணவியராகிய எங்களின் கருத்து. அதையும் அவ்வூர் அடுக்களையிலிருந்து தொடங்கலாம் என்கிறோம்.

இந்த எண்ணம் தற்செயலாகத்தான் பிறந்தது. உதகைக்குச் சென்ற வழியில், கோபிசெட்டிபாளையம் அருகே எங்கள் பேருந்து பழுதாகி நின்றது. சரிசெய்ய அரை நாள் ஆகும் என்றார் ஓட்டுநர். பக்கத்திலிருந்த கன்னியர் மடத்து விடுதியில் எங்களுக்கு அன்புடன் இடம் கொடுத்தார்கள். அன்று அங்கே காலை உணவு சந்தகை. கொங்கு நாட்டார் வீடுகளில் பெயர்பெற்ற பலகாரம் அது. சமையற்கட்டில் வேலை செய்த மூதாட்டியை நாங்கள் 'ஆயா' என்று அழைத்தோம். நம் பக்கத்தில் பாட்டியை அப்படித்தானே அழைப்போம்? அவரோ சிரித்துவிட்டு, "எங்கூர்ல அப்பத்தான்னு சொல்லுவோம் அம்மணி" என்றார். அப்பத்தா எங்களைச் சும்மா உட்கார விடவில்லை.

புழுங்கலரிசியை ஊறவைத்து, உப்புச் சேர்த்து, வெண்ணெய் போல அரைத்திருந்தார்கள். உளுந்து கிடையாது, புளிக்கவைப்பதும் கிடையாது. அந்த மாவை இட்லி போல வேகவைக்கிறார்கள். வெந்ததும் சூட்டோடு எடுத்து, முக்காலி போல் நிற்கும் இரும்பு அச்சில் போட்டு, மேலேயுள்ள கைப்பிடியைச் சுற்றுகிறார்கள். ஒருவர் சுற்ற, ஒருவர் கீழே தட்டை நகர்த்தி நகர்த்தி ஏந்துகிறார். "ஆறிப்போச்சுன்னா புழிய வராது அம்மணி, சூட்டோட சுத்தோணும்" என்று அப்பத்தா சொல்லிக்கொண்டே இருந்தார். எங்களில் இருவர் சேர்ந்து முழுப் பலத்தையும் கொடுத்தால்தான் கைப்பிடி அசைந்தது. அறுபது வயதைக் கடந்த அவர் ஒற்றை ஆளாய்ச் சுற்றினார்! தேங்காய்ப்பாலும் வெல்லமும் ஊற்றி ஒரு பங்கு, எலுமிச்சை பிழிந்து தாளித்து ஒரு பங்கு என்று உண்டோம். அன்று மாலை உதகையில் பூங்காவைக் கண்டோம். பூங்காவில் என்னென்ன பூக்கள் இருந்தன என்று கேட்டால் இன்று எங்களில் பாதிப் பேருக்குச் சொல்லத் தெரியாது. சந்தகை பிழிவது எப்படி என்று கேளுங்கள், அத்தனை பேரும் சொல்வோம்.

ஊர் திரும்பியதும் எங்களுக்கு ஒரு கேள்வி எழுந்தது. நம் வீட்டு இடியாப்பமும் அரிசிதான், அதுவும் அச்சில் பிழிவதுதான். ஆனால் வரிசை நேர்மாறாக இருக்கிறதே! நாம் பச்சரிசி மாவில் கொதிநீர் ஊற்றிப் பிசைந்து, முதலில் பிழிந்து, பிறகு வேகவைக்கிறோம். அவர்கள் முதலில் வேகவைத்து, பிறகு பிழிகிறார்கள். இது ஏன்? விடை எங்கள் அறிவியல் பாடத்திற்குப் பக்கத்திலேயே இருக்கிறது. கோதுமை மாவைப் பிசைந்தால் குளூட்டன் என்னும் புரதம் வலை போலப் பின்னிக்கொள்கிறது. அதனால் அதை இழுக்கலாம், முறுக்கலாம், கையால் நூலாகத் திரிக்கலாம். அரிசியில் குளூட்டன் இல்லை. அதன் மாவுச்சத்து வெந்நீரிலோ ஆவியிலோ சூடேறி, நீரைக் குடித்துப் பசையானால்தான் ஒட்டும். ஆகவே அரிசியை நூலாக்க வெப்பமும் வேண்டும், துளையுள்ள அச்சும் வேண்டும். நாம் கொதிநீரால் பாதிப் பசையாக்கிப் பிழிகிறோம். கொங்கு நாட்டார் முழுப் பசையாக்கிப் பிழிகிறார்கள். ஆறினால் மாவுச்சத்து இறுகிவிடும். அப்பத்தாவின் எச்சரிக்கைக்குப் பொருள் அதுவே. அவர் இந்தச் சொற்களையெல்லாம் அறிந்தவர் அல்லர். ஆனால் பொருளை அறிந்திருந்தார். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று நம்மைக் கேலி செய்வோர் உண்டு. கறியைச் சமைத்துப் பார்த்த பிறகு ஏட்டைத் திறந்தால் ஏடும் நன்றாகவே உதவுகிறது என்பது எங்கள் அனுபவம்.

மாவை நூலாக்கும் வித்தை நமக்குப் புதிதும் அன்று. 11ஆம் நூற்றாண்டில் கன்னடத்தில் எழுதப்பட்ட 'லோகோபகாரம்' என்னும் நூலிலேயே சேவையும் அதைப் பிழியும் அச்சும் பேசப்படுகின்றன. இத்தாலியரின் பாஸ்தாவை மார்க்கோ போலோ சீனத்திலிருந்து கொண்டுவந்தார் என்று பலர் சொல்வதுண்டு. அவர் வெனிஸ் திரும்பியது 1295இல். அதற்கு முன்பே, 1154இல் அல் இத்ரீசி என்னும் அரபு புவியியல் அறிஞர், சிசிலித் தீவின் திராபியா என்னும் ஊரில் மாவை நூலாக்கிக் கப்பலேற்றி அனுப்பியதை எழுதியிருக்கிறார். ஆகவே மார்க்கோ போலோவை இந்தப் பொறுப்பிலிருந்து விடுவித்துவிடலாம்.

இத்தாலியில் சார்டினியா என்று இன்னொரு தீவு இருக்கிறது. அங்கே நூவோரோ நகரத்துப் பெண்கள் செய்யும் பாஸ்தா ஒன்றுக்கு 'சு ஃபிலின்தேவு' என்று பெயர். இறைவனின் நூல்கள் என்று அதற்குப் பொருள் சொல்கிறார்கள். கோதுமை ரவை, தண்ணீர், உப்பு, இவ்வளவுதான். மாவை இழுத்து மடித்து, மீண்டும் இழுத்து மடித்து, எட்டு முறை இரட்டிப்பார்கள். இரண்டு, நான்கு, எட்டு என்று போய் எட்டாம் முறையில் 256 இழைகள். பெருக்குத் தொடர்வரிசையை இதைவிட நன்றாக யார் விளக்க முடியும்? அந்த இழைகளை வட்டப் பலகையில் குறுக்கும் நெடுக்குமாக மூன்று அடுக்காகப் பரப்பி வெயிலில் உலர்த்துகிறார்கள். பார்ப்பதற்கு நெய்த துணி போலவே இருக்கிறது. லூலா என்னும் ஊரிலுள்ள புனித பிரான்சிஸ் திருத்தலத்திற்கு, நூவோரோவிலிருந்து இரவெல்லாம் ஏறத்தாழ 30 கிலோமீட்டர் நடந்து வரும் திருப்பயணிகளுக்கு, ஆட்டுக்கறிச் சாற்றில் இதைப் போட்டுக் கொடுப்பது வழக்கம். பெரிய பாஸ்தா நிறுவனம் ஒன்றின் பொறியாளர்கள் வந்து பார்த்தும் இதற்கு இயந்திரம் செய்ய இயலவில்லையாம். மாவு எப்போது தண்ணீர் கேட்கிறது, எப்போது உப்புநீர் கேட்கிறது என்பதைக் கைதான் சொல்ல வேண்டும். தலைமுறை தலைமுறையாகத் தாயிடமிருந்து மகளுக்கு மட்டுமே சென்ற கலை அது. அறிந்தவர்கள் ஒரு சிலராகச் சுருங்கிய பிறகே வெளியாருக்கும் கற்றுத்தரும் முயற்சி தொடங்கியது.

இதைப் படித்தபோது எங்களுக்கு ஆரணிதான் நினைவுக்கு வந்தது. ஆரணி என்றால் பட்டும் அரிசியும். இழைக்கும் அரிசிக்கும் நடுவே வளர்ந்த பிள்ளைகள் நாங்கள். தறியில் இருக்கும் அச்சும் அச்சுதான், இடியாப்பம் பிழிவதும் அச்சுதான். எங்களில் பலருடைய வீட்டில் அப்பா தறியில் அமர்ந்திருப்பார். அம்மா தார் சுற்றுவார், பழைய பாவோடு புதுப் பாவின் இழைகளைப் பிணைப்பார், இடையில் எழுந்து அடுப்பையும் பார்த்துக்கொள்வார். சேலைக்குக் கூலி வரும்போது அது நெய்தவர் கணக்கில் வரும். தார் சுற்றிய கைக்குத் தனிக் கணக்கு இல்லை. பிணைத்த கைக்கும் இல்லை, பிழிந்த கைக்கும் இல்லை. கணக்கில் வராத வேலையைக் கல்வி என்று யார் மதிப்பார்கள்? "இந்தக் கஷ்டம் எங்களோடு போகட்டும், நீ படி" என்று எங்கள் அம்மாக்களே சொல்கிறார்கள். அந்தச் சொல்லில் இருக்கும் அன்பு எங்களுக்குத் தெரியும். ஆனால் கஷ்டத்தோடு சேர்ந்து அந்தக் கையிலுள்ள அறிவும் போய்விடுகிறதே, அதை யார் நிறுத்துவது?

எங்கள் கருத்தை மறுப்பவர்கள் இரு வகையினர். படிக்கும் பிள்ளைக்கு அடுப்படி எதற்கு என்பவர்கள் ஒரு வகை. பெண் பிள்ளைதானே, சமைக்கத்தானே போகிறாள், நன்றாகக் கற்கட்டும் என்று மகிழ்பவர்கள் மற்றொரு வகை. உண்மையைச் சொன்னால் இரண்டாம் வகையினரிடம்தான் எங்களுக்கு அதிக அச்சம்! நாங்கள் கேட்பது மாமியார் வீட்டுக்கான பயிற்சி அன்று. கல்யாணப் பந்திக்குச் சமைப்பவர்கள் பெரும்பாலும் ஆண்களே. அவர்கள் முன்பணம் வாங்கிக்கொண்டு சமைக்கிறார்கள், அதைத் தொழில் என்கிறோம். அதே வேலையை வீட்டில் அம்மா செய்தால் கடமை என்கிறோம். எங்கள் தம்பிமார் படிக்கும் பள்ளிகளும் இந்த அரை நாளைத் தங்கள் சுற்றுலாவில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்பதையும் இங்கேயே எழுதி வைக்கிறோம்.

இயந்திரத்துக்கும் நாங்கள் பகைவர் அல்லர். 1958இல் ஜப்பானில் மோமோஃபுக்கு ஆண்டோ என்பவர் உடனடி நூடுல்ஸை உருவாக்கினார். இன்று அது நம் தெருக்கடையிலும் தொங்குகிறது. காய்ந்த அரிசிச் சேவையும் பொட்டலத்தில் கிடைக்கிறது. வேலைக்குப் போய் வரும் அம்மா அவசரத்துக்கு அதைப் போடுவதில் குற்றம் என்ன இருக்கிறது? தினமும் கையால் பிழியுங்கள் என்று நாங்கள் யாருக்கும் உபதேசம் செய்யவில்லை. தெரிந்துகொண்டு பொட்டலம் வாங்குவது வேறு, தெரியாததால் வாங்குவது வேறு.

பொதுத்தேர்வு ஆண்டில் நேரம் வீணாகும் என்று பெற்றோர் கவலைப்படலாம். நாங்கள் கேட்பது அரை நாள்தான், அதுவும் ஏற்கெனவே சுற்றுலாவுக்கு ஒதுக்கிய நாளிலிருந்து. ஆவி சுட்டுவிடும் என்று அருட்சகோதரியர் அஞ்சுவது நியாயமே. பத்துப் பேர் கொண்ட குழுவுக்கு ஒரு ஆசிரியை இருந்தால், இறக்குவதையும் ஏற்றுவதையும் பெரியவர்களே பார்த்துக்கொண்டால், பிழிவது மட்டும் எங்கள் பொறுப்பாக இருந்தால் போதும்.

இது ஒருவழிப் பாதையாகவும் இருக்கக் கூடாது. ஆடி மாதத்தில் படவேட்டு ரேணுகாம்பாள் கோயிலுக்கு எத்தனையோ ஊர்களிலிருந்து மக்கள் வருகிறார்கள். கமண்டல நாகநதியைப் பார்க்கிறார்கள், சம்புவராயர் ஆண்ட ஊர் என்று கேட்டுக்கொள்கிறார்கள், போய்விடுகிறார்கள். கொங்கு நாட்டிலிருந்தோ நெல்லையிலிருந்தோ ஒரு பள்ளி மாணவியர் நம்மிடம் வந்தால் நாம் எதைக் கற்றுத் தருவோம்? முற்பகலில் ராட்டையில் தார் சுற்றுவது, பிற்பகலில் இடியாப்பம் பிழிவது என்பது எங்கள் திட்டம். மூன்று தோழியரின் தாய்மார் வந்து கற்றுத்தர இசைந்திருக்கிறார்கள். அவர்களுக்கு அன்றைய நாளுக்கான கூலியைச் சுற்றுலா நிதியிலிருந்தே கொடுக்க வேண்டும் என்றும் கேட்கிறோம். பித்தளை அச்சு நான்கும் மர அச்சு இரண்டும் எங்கள் வீடுகளிலேயே உள்ளன. அரிசிக்குப் பஞ்சம் இல்லை. தலைமை ஆசிரியை அருட்சகோதரி அவர்கள் அனுமதி தந்தால் ஒன்பதாம் வகுப்புத் தங்கையர் அடுத்த சுற்றுலாவுக்கு முன்பே கடிதப் போக்குவரத்தைத் தொடங்கிவிடலாம். கோபி விடுதியின் முகவரி எங்கள் வகுப்புத் தலைவியிடம் இருக்கிறது.