ஜெயிக்க வைத்தவர் ஏன் ஜெயிக்கல? பிரசாந்த் கிஷோர் கதையில் தமிழ்நாட்டு வாக்காளருக்கு என்ன இருக்கு?

பீகார் சட்டமன்றத் தேர்தல் முடிவுகள் 2025 நவம்பர் 14-ம் தேதி வெளியாகின. 238 தொகுதிகளில் போட்டியிட்ட ஜன் சுராஜ் கட்சிக்கு ஒரு இடம்கூட கிடைக்கவில்லை. நிதிஷ் குமாரின் ஐக்கிய ஜனதா தளம் 25 இடங்களைத் தாண்டாது என்று அடித்துச் சொன்னவர், ஜன் சுராஜ் நிறுவனர் பிரசாந்த் கிஷோர். அந்தக் கட்சி ஜெயித்ததோ 85 இடங்களில்!

2021-ல் திமுகவுக்குத் தேர்தல் வியூகம் வகுத்துக் கொடுத்தவரும் இதே பிரசாந்த் கிஷோர்தான். 'இவர் கை வைத்தால் வெற்றிதான்' என்று பேசப்பட்டவர், சொந்தக் கட்சிக்கு ஒரு இடம்கூட வாங்க முடியாமல் போனது ஏன்?

யார் இந்த பிகே?

பீகாரைச் சேர்ந்தவர். ஐ.நா.வின் பொது சுகாதாரப் பணியில் இருந்துவிட்டு, குஜராத்தில் நரேந்திர மோடியின் 2012 தேர்தல் வேலைக்கு வந்தார். 2014 மக்களவைத் தேர்தலில் டீக்கடை உரையாடல், 3டி பிரசாரம் என்று நாடே கவனித்தது. அடுத்த ஆண்டே எதிர்முகாமுக்குப் போய் நிதிஷ் குமாருக்கு வேலை செய்தார். பிறகு 'ஐ-பேக்' நிறுவனம் மூலம் 2017-ல் பஞ்சாப், 2019-ல் ஆந்திரா, 2020-ல் டெல்லி என வரிசையாக வெற்றி.

நடுவில் ஒரு தோல்வியும் உண்டு. 2017-ல் உத்தரப்பிரதேசத்தில் அவர் வேலை செய்த காங்கிரஸ், 403-ல் 7 இடங்களில்தான் ஜெயித்தது. ஆனா, ஜெயித்த மாநிலங்களைப் பேசிய அளவுக்கு இதை யாரும் பேசவில்லை.

அறிவாலயத்தில் என்ன செய்தார்கள்?

2020 பிப்ரவரியில் ஐ-பேக் தங்களோடு இணைவதாக மு.க.ஸ்டாலின் அறிவித்தார். கொரோனா ஊரடங்கில் 'ஒன்றிணைவோம் வா', அடுத்து இணையவழி உறுப்பினர் சேர்க்கைக்கு 'எல்லோரும் நம்முடன்', 2021 ஜனவரியில் 'உங்கள் தொகுதியில் ஸ்டாலின்' என்று அடுத்தடுத்து திட்டங்கள் வந்தன.

இதில் கடைசித் திட்டம் முக்கியமானது. மக்களிடம் மனு வாங்கி, பெட்டியில் போட்டு, பூட்டி, 'ஆட்சிக்கு வந்து 100 நாளில் தீர்வு' என்று உறுதி கொடுத்தார்கள். வெற்றிக்குப் பிறகு அதற்கென்றே ஒரு தனித்துறை உருவாக்கப்பட்டு, ஐஏஎஸ் அதிகாரியும் நியமிக்கப்பட்டார். பிரசார மேடையில் பிறந்த ஒரு திட்டம், தலைமைச் செயலகத்துக்குள் போனது இப்படித்தான்.

அப்போ வெற்றி பிகே-வால் வந்ததா?

அப்படி ஒரே வார்த்தையில் சொல்லிவிட முடியாது. ஐ-பேக் வருவதற்கு முன்பே, 2019 மக்களவைத் தேர்தலில் திமுக கூட்டணி தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் 38-ஐப் பிடித்துவிட்டது. 2021-ல் அதிமுக 10 ஆண்டு ஆட்சியை முடித்திருந்தது, ஜெயலலிதாவும் இல்லை. காங்கிரஸ், இடதுசாரிகள், விசிக, மதிமுக என்று கூட்டணியும் சிதறாமல் இருந்தது.

இன்னொரு விஷயம். அந்தத் தேர்தலில் அதிமுக பக்கமும் ஒரு வியூக வகுப்பாளர் இருந்தார். அவர் சுனில் கனுகோலு. 2016-ல் ஸ்டாலினின் 'நமக்கு நாமே' பயணத்துக்குப் பின்னால் இருந்தவர். அப்போது பயணம் பேசப்பட்டது, ஆட்சி கிடைக்கவில்லை. 2021-ல் எதிர்முகாமில் இருந்தார், அங்கேயும் தோல்வி. 2023-ல் கர்நாடக காங்கிரஸுக்காக வேலை செய்தார். 224-ல் 135 இடங்கள். ஆள் அதே ஆள்தான், களம்தான் வேறு வேறு.

2016-ல் பாமகவின் 'மாற்றம் முன்னேற்றம் அன்புமணி' பிரசாரம் ஞாபகம் இருக்கா? தமிழ்நாடு முழுக்க எல்லோருக்கும் தெரிந்த வாசகம் அது. கிடைத்த இடங்கள்? பூஜ்யம்.

தி.நகரின் 137 ஓட்டு

சென்னையின் மயிலாப்பூர், தி.நகர் இரண்டும் 2016-ல் அதிமுக வசம் இருந்தவை. 2021-ல் இரண்டும் திமுகவுக்கு மாறின. இதில் தி.நகரில் வித்தியாசம் வெறும் 137 ஓட்டு. அந்தத் தேர்தலில் மாநிலத்திலேயே மிகக் குறைந்த வித்தியாசம் இதுதான்.

137 ஓட்டு வித்தியாசத்தில் வந்த வெற்றிக்கு யார் வேண்டுமானாலும் உரிமை கோரலாம். வியூக நிறுவனம் கோரலாம், வட்டச் செயலாளர் கோரலாம், வயதான வாக்காளரை ஆட்டோவில் கூட்டிவந்த தொண்டரும் கோரலாம். யாருடைய வேலை எத்தனை ஓட்டு கொண்டுவந்தது என்று பிரித்துக் காட்ட எந்தக் கணக்கும் கிடையாது. வியூக நிறுவனங்களின் மதிப்பு ஏறிக்கொண்டே போவதற்கு இதுவும் ஒரு காரணம்.

பீகாரில் என்ன குறை?

வியூக வகுப்பாளர் கையில் இருப்பது ஒலிபெருக்கி மாதிரி. பேச ஒரு தலைவர், கேட்க ஒரு கூட்டம், கிளைவரை அமைப்பு, கூட்டணி ஆகியவை ஏற்கெனவே இருந்தால் சத்தத்தைக் கூட்டித் தரும். திமுகவிடம் இவை எல்லாம் இருந்தன. பீகாரில் பிகே இவற்றைப் பூஜ்யத்தில் இருந்து உருவாக்க வேண்டியிருந்தது. 2022 அக்டோபரில் பாதயாத்திரை தொடங்கி, 2024 அக்டோபரில் கட்சி தொடங்கினார். எதிரே இருந்ததோ பல ஆண்டுகளாக வேரூன்றிய கட்சிகள். பெண்களின் வங்கிக்கணக்குக்கு அரசு செலுத்திய 10,000 ரூபாய் வேறு. பிகே தானும் எந்தத் தொகுதியிலும் நிற்கவில்லை.

இதில் உங்களுக்கு என்ன?

முதலாவது, பணம். சட்டமன்ற வேட்பாளர் ஒருவர் தமிழ்நாட்டில் 40 லட்சம் ரூபாய் வரைதான் செலவு செய்யலாம். ஆனால், கட்சி செய்யும் செலவுக்கு உச்சவரம்பே இல்லை. வியூக நிறுவனத்துக்கான கட்டணத்தைக் கட்சியே கொடுத்துவிட்டால், அந்த 40 லட்சம் அதைத் தடுக்காது.

இரண்டாவது, உங்கள் தகவல். 2025 ஜூலையில் திமுகவின் 'ஓரணியில் தமிழ்நாடு' உறுப்பினர் சேர்க்கையின்போது ஓடிபி வாங்குவதற்கு உயர் நீதிமன்ற மதுரைக் கிளை இடைக்காலத் தடை விதித்தது. உச்ச நீதிமன்றமும் அதில் தலையிட மறுத்தது. தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்துக்கான விதிகள் 2025 நவம்பரில்தான் அறிவிக்கப்பட்டன. முழுமையாக நடைமுறைக்கு வர, அந்த அறிவிப்பில் இருந்து 18 மாதங்கள் அவகாசம் தரப்பட்டது. 2026 தேர்தலும் அந்த அவகாசத்துக்குள்தான் வந்தது.

தவெக முதலாம் ஆண்டு விழாவுக்காக 2025 பிப்ரவரியில் மாமல்லபுரம் மேடையில் ஏறியவர் பிகே. அந்தக் கட்சியின் பொறுப்பில் இருக்கும் ஆதவ் அர்ஜுனாவும் வியூக வேலையில் இருந்து அரசியலுக்கு வந்தவர்தான். மற்ற கட்சிகளும் சும்மா இருக்கப் போவதில்லை.

ஆக, சர்வே என்று யாராவது வீட்டுக்கு வந்தால் மூன்றே கேள்வி கேளுங்க. நீங்க கட்சி ஆளா, நிறுவன ஆளா? என் போன் நம்பர் யாரிடம் போகும்? வேண்டாம் என்றால் எப்படி நீக்குவீங்க? பதில் வரவில்லை என்றால், நம்பரைக் கொடுக்க வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை. ஓடிபி-யை யாருக்கும் சொல்லவே வேண்டாம்.